பதில்: முதல் அறையிலேயே நாலு பேரும் காலி, எங்கே தப்பு?

நண்பரே, நீங்கள் நடத்திய மேசைக் கதாபாத்திர விளையாட்டில் நாலு பேரின் பாத்திரங்களும் முதல் அறையிலேயே செத்ததாகக் கேட்டிருந்தீர்கள். ஏற்காடு கரடிக் குகையை வரைபடமாக்கி, எட்டு கோப்ளின்களை (குட்டிப் பூதங்களை) வாசலில் நிறுத்தியது தப்பில்லை. பார்த்தவுடனே சண்டையைத் தொடங்கியதுதான் தப்பு. நீங்கள் எடுத்த விதிநூலான ஓல்ட் ஸ்கூல் எசென்ஷியல்ஸ், டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ் விளையாட்டின் 1981 பேசிக், எக்ஸ்பர்ட் விதிகளைத் திரும்பத் தருவது. அந்த விளையாட்டின் ஐந்தாம் பதிப்பில் ஆடிய பழக்கம் இதில் ஆளைக் கொல்லும். ஹிட் பாயின்ட் (உயிர்ப் புள்ளி) பூஜ்யமானால் சாவுதான்.

எதிரியின் நோக்கம் முன்பே முடிவாகாவிட்டால் முதலில் இரண்டு ஆறுமுகப் பகடை உருட்டுங்கள். கூட்டுத்தொகை 2 வந்தால்தான் உடனடித் தாக்குதல். 6 முதல் 8 வரை வந்தால் அவை தயங்கி நிற்கும். பேசலாம், லஞ்சம் தரலாம், நழுவலாம்.

மொரால் (எதிரியின் மன உறுதி) விதியையும் விட்டிருக்கிறீர்கள். ‘விருப்ப விதி’ என்று போட்டிருந்தாலும் முதல் நிலை ஆட்களுக்கு அது உயிர்க்காப்பு. கோப்ளினுக்கு மொரால் 7. கோப்ளின்கள் பக்கம் முதல் ஆள் விழும்போதும், பாதிப்பேர் விழுந்தபோதும் இரண்டு பகடை உருட்டுங்கள். கூட்டுத்தொகை 7-ஐத் தாண்டினால் ஓட்டம். 36-க்கு 15 வாய்ப்பு, சும்மா இல்லை.

சண்டையில் லாபமும் கிடையாது. எட்டையும் கொன்றால் தலா 5 வீதம் 40 எக்ஸ்பி (அனுபவப் புள்ளி), நாலு பேருக்குப் பிரித்தால் ஆளுக்கு 10. ஃபைட்டர் (போர்வீரர்) பாத்திரம் இரண்டாம் நிலைக்குப் போக 2000 வேண்டும். மீட்டுவரும் ஒவ்வொரு தங்கக் காசும் 1 எக்ஸ்பி. ஆகவே புதையலை உள்ளே தள்ளி வையுங்கள், சுற்றிப்போக இன்னொரு வாசலும் வையுங்கள். தீப்பந்தம் ஆறு டர்ன், அதாவது ஒரு மணி நேரம்தான், கணக்கு வையுங்கள்.

சேலத்தில் பலமுகப் பகடை கிடைக்கவில்லை என்றீர்களே, எதிரியின் நோக்கம், மொரால் என்ற இந்த இரண்டு சோதனைக்கும் அதுவும் வேண்டாம், தாயக்கட்டையும் வேண்டாம், லூடோ பகடை போதும்.