பயிற்சிக் காலச் சம்பளம்: குறைவது எங்கே?

கேள்வி: என் மகன் போலீஸ் பயிற்சியில் சேர்ந்து இரண்டு மாதமாகிறது. வேலை அறிவிப்பில் போட்டிருந்த சம்பளத்தில் பாதிக்குச் சற்று மேல்தான் கைக்கு வருகிறது. கேட்டால் ‘பயிற்சி முடியும்வரை இப்படித்தான்’ என்கிறான். யாரிடம் முறையிடுவது?

பதில்: முதலில் அவனுடைய சம்பளச் சீட்டை வாங்கிப் பாருங்கள் அம்மா. பயிற்சிப் பள்ளி அலுவலகத்தில் 18 வருடம் சம்பளப் பட்டியல் போட்டவள் நான். சீட்டைப் பார்க்காமலே மனம் வெந்துபோய் வந்த பெற்றோர் எத்தனையோ பேர்.

முதல் வரியில் ‘அடிப்படைச் சம்பளம்’ என்று இருக்கிறதா, ‘உதவித்தொகை’ என்று இருக்கிறதா? உதவித்தொகை என்றால், பயிற்சி நாட்கள் பணிக்காலத்தில் சேருமா என்று நியமன உத்தரவில் தேடுங்கள். பின்னாளில் ஊதிய உயர்வு, ஓய்வூதியக் கணக்கு எல்லாம் அந்த வரியைப் பிடித்துத்தான் வரும். பாதியில் விலகினால் எவ்வளவு திருப்பிக் கட்ட வேண்டும் என்பதும் அதிலோ, அவன் கையெழுத்திட்ட ஒப்பந்தத்திலோ இருக்கும்.

அடுத்தது பிடித்தங்கள்: மெஸ், சீருடை, ஓய்வூதியப் பங்கு, காப்பீடு. பெரும்பாலும் மெஸ்தான் கையைக் கடிக்கும். லீவில் வந்த நாட்களுக்கும் சேர்த்துப் பிடித்திருந்தால் அவன் எழுதிக் கேட்கலாம். விடுதியில் தங்குவதால் வீட்டு வாடகைப்படி வராமல் இருக்கலாம், அது தவறல்ல. இரவும் உள்ளேயே இருக்கிறானே, அதற்குத் தனிச் சம்பளம் இல்லையா என்று கேட்பீர்கள். போலீஸ் பயிற்சி பற்றிய அமெரிக்க விதிகளில்கூட, வகுப்பு முடிந்து சொந்த விருப்பப்படி கழிக்கும் நேரம் பணி நேரமாகாது.

பணத்தைவிட எனக்குப் பெரிய கவலை காயம். ஒரு பையன் பூட்ஸைக் கழற்றும்போது பல்லைக் கடித்துக்கொண்டு சுவரைப் பிடித்து நின்றான். கெண்டைக்கால் வீங்கி, சாக்ஸின் தடம் ஆழமாகப் பதிந்திருந்தது. சொன்னால் அடுத்த பேட்ச்சுக்குத் தள்ளிவிடுவார்கள் என்று மூன்று வாரம் அப்படியே ஓடினான். எலும்பில் விரிசல். சிகிச்சைச் செலவு கேட்டு மனு என் மேசைக்கு வந்தபோது, காயம்பட்ட தேதி என்ற கட்டத்தில் எழுத ஒன்றுமில்லை; மருத்துவப் பதிவேட்டில் அவன் பெயரே இல்லை. மனு திரும்பிவிட்டது. அந்தப் பையன் முகம் இன்னும் எனக்கு மறக்கவில்லை.

அடுத்த முறை போனில் பேசும்போது ‘வலி இருந்தால் அன்றைக்கே மருத்துவரிடம் போய்ப் பதிவு செய், சீட்டைப் பத்திரப்படுத்து’ என்று சொல்லுங்கள். அவனுக்கு ஏதாவது ஆனால் பணம் யாருக்குச் சேர வேண்டும் என்று எழுதும் வாரிசு நியமனப் படிவத்தில் (நாமினேஷன்) யார் பெயரை எழுதினான் என்றும் கேளுங்கள். சேர்ந்த அன்று அவசரத்தில் அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டவர்கள் நிறைய பேர்.