வில்லுப்பாட்டுப் பதிவுக்குப் பழைய கருவிகளின் பிளகின்கள்: கேள்வி பதில்

நாகர்கோவில்: அண்ணா, எந்தப் பழைய கம்ப்ரஸரின் பிளகினைப் போட்டாலும் குரல் நசுங்கிவிடுகிறது. பிளகினில் குறையா?

கம்ப்ரஸர் என்பது சத்தம் மிகும்போது ஒலியை அடக்கும் கருவி; பிளகின் அதைக் கணினியில் போலச் செய்யும் மென்பொருள். பெரும்பாலும் குறை உள்ளே போகும் ஒலியின் அளவில்தான். பழைய கருவிகளை, சராசரி ஒலி அளவைக் காட்டும் வியூ மீட்டரின் முள்ளைப் பார்த்து இயக்கினார்கள். அவற்றின் பிளகின்களில் பல, டிஜிட்டலின் மைனஸ் 18 டெசிபெல்லை அந்த மீட்டரின் பூஜ்யமாகக் கொள்கின்றன. பாடகரின் குரலை முதலில் சராசரியாக அந்த அளவுக்கு இறக்குங்கள். பிறகு குமிழ்களைத் தொடுங்கள்.

தக்கலை: உடுக்கைக்கு 1176 கம்ப்ரஸரின் பிளகின் போட்டேன். அட்டாக் குமிழைக் கூட்டினால் அடியின் கூர்மை போய்விடுகிறதே?

அட்டாக் என்பது கம்ப்ரஸர் ஒலியை எவ்வளவு வேகமாகப் பிடித்து அடக்குகிறது என்பது. அந்தக் குமிழ் தலைகீழாக வேலை செய்யும். 7 மிக வேகம், 1 மிக மெதுவு. பில் புட்னம் 1967இல் கொண்டுவந்த மூலக் கருவியிலேயே அப்படித்தான். 1இல் வைத்தாலும் 800 மைக்ரோ விநாடிதான். ஒரு மில்லி விநாடிகூட ஆகாது! ஆகவே 1இல் வையுங்கள், அடக்கும் விகிதம் 4 போதும். கூர்மை அப்போதும் குறைந்தால், 1176 போடாத உடுக்கை ட்ராக்கையும் அதனோடு கலந்துவிடுங்கள். என் காதுக்கு அதுதான் உடுக்கை. குரலுக்கோ எல்ஏ-2ஏ கம்ப்ரஸர் எனக்குப் பிடிக்கும். அதில் அட்டாக் குமிழே கிடையாது. உள்ளிருக்கும் விளக்கும் ஒளியுணரியும் நிதானமாகப் பிடித்து, இன்னும் நிதானமாக விடுகின்றன. நீட்டிப் பாடும் வரிகள் கெடுவதில்லை.

மார்த்தாண்டம்: குடத்தின் அடிநாதம் வேண்டும், குழப்பம் வேண்டாம்.

ஒலியின் அதிர்வெண்களைத் தனித்தனியே கூட்டிக் குறைக்கும் பல்டெக் ஈக்வலைசரில் 60 ஹெர்ட்ஸைத் தேர்ந்து, கூட்டும் குமிழையும் குறைக்கும் குமிழையும் சேர்த்தே திருப்புங்கள். இரண்டும் ஒன்றையொன்று அழிப்பதில்லை. வெட்டு சற்று மேலே விழுவதால் அடி நிறைகிறது, அதற்கு மேலுள்ள மந்தம் விலகுகிறது.

குளச்சல்: உண்மையான கருவியே வாங்கலாமா?

வேண்டாம். கடற்காற்றில் தொடர்புமுனைகள் துருப்பிடிக்கும். அந்தப் பணத்தில் நல்ல மைக் வாங்குங்கள்.

நாகர்கோவில்: பழைய டேப் ரெக்கார்டரைப் போலச் செய்யும் டேப் பிளகின் போட்டபின் வில்லின் மணிகள் கரகரக்கின்றன.

பிளகின் புதிய மேல் அதிர்வுகளை உண்டாக்குகிறது. 44.1 கிலோ ஹெர்ட்ஸ் பதிவில் அதன் பாதியான 22,050 ஹெர்ட்ஸைத் தாண்டுபவை கீழே மடங்கி, மணியோடு ஒட்டாத சுருதிகளாகக் கேட்கும். பிளகினுக்குள் மட்டும் அந்தப் பதிவு வேகத்தை உயர்த்தும் ஓவர்சாம்பிளிங்கை இயக்குங்கள், பிளகினுக்குள் போகும் அளவையும் குறையுங்கள். பிளகின் இருக்கும்போதும் இல்லாதபோதும் ஒலி அளவைச் சமமாக்கிக் கேளுங்கள். இல்லாவிட்டால் சத்தமாக ஒலிப்பதையே நல்லதென்று தேர்ந்துவிடுவீர்கள்.