தட்டின் மறுபக்கத்தில் இருந்த பாட்டு

கேள்வி: கல்யாண ரிசப்ஷனில் அமெரிக்கப் பாடகி குளோரியா கேனரின் ‘ஐ வில் சர்வைவ்’ போட்டாலே எங்கள் அத்தைமார் எல்லாரும் ஆட எழுந்துவிடுகிறார்கள். அந்தப் பாட்டுக்கும் நம் தென்னாப்பிரிக்காவுக்கும் சம்பந்தம் உண்டு என்கிறார் மாமா. உண்மையா?
– ஒரு வாசகி, சாட்ஸ்வொர்த், டர்பன்

பதில்: மாமா சொல்வது சரிதான், ஆனால் சம்பந்தம் கொஞ்சம் சுற்றி வருகிறது. ஜோகன்னஸ்பர்க்கில் கிளௌட் என்று ஒரு பெண்கள் இசைக்குழு இருந்தது. அவர்களுடைய ‘சப்ஸ்டிட்யூட்’ 1978இல் பிரிட்டனில் இரண்டாம் இடம் வரை போனது. அது ஓடிய ஓட்டத்தைப் பார்த்துத்தான் கேனரின் ரெக்கார்டு கம்பெனி அவரையும் அதே பாட்டைப் பாடச் சொன்னது. தயாரிப்பாளர் ஃப்ரெடி பெரன் சம்மதித்தார், ஆனால் இசைத்தட்டின் மறுபக்கத்துக்கு என் பாட்டுதான் என்று கேட்டு வாங்கிக்கொண்டார். அவரும் டினோ ஃபெகாரிஸும் சேர்ந்து எழுதிய அந்த மறுபக்கப் பாட்டுக்குத்தான் உங்கள் அத்தைமார் ஆடுகிறார்கள்!

ஃபெகாரிஸ் அதற்கு முன் மோட்டவுன் என்ற ரெக்கார்டு கம்பெனியில் வேலை இழந்தவர். கேனரோ அந்த வருஷம்தான் மேடையில் விழுந்து, முதுகெலும்பில் அறுவைச் சிகிச்சை முடிந்து, முதுகில் பட்டை கட்டியபடி ஸ்டுடியோவுக்கு வந்து பாடினார். வெளியே பார்த்தால் விட்டுப்போன காதலனைத் திட்டும் பாட்டு, ஆனால் அந்தக் குரலில் இருக்கும் பிடிவாதம் காதலால் மட்டும் வந்தது என்று என்னால் நம்ப முடியவில்லை.

கம்பெனி முன்னால் தள்ளியது ‘சப்ஸ்டிட்யூட்’டைத்தான். கிளப்புகளில் டிஜேக்கள் தட்டைத் திருப்பிப் போட்டார்கள், கூட்டம் இதையே கேட்டது, 1979 மார்ச்சில் அமெரிக்காவில் முதலிடம். அதே வருஷம் ஜூலையில், இந்தப் பாட்டின் வகையான டிஸ்கோ நடன இசையைப் பிடிக்காதவர்கள் சிகாகோ பேஸ்பால் மைதானத்தில் டிஸ்கோ தட்டுகளைக் குவித்து வெடி வைத்துத் தகர்த்தார்கள். 1980இல் சிறந்த டிஸ்கோ பாட்டுக்கு கிராமி என்ற அமெரிக்க இசை விருதைக் கொடுத்தார்கள், அது இதற்குத்தான் கிடைத்தது, அப்புறம் அந்தப் பிரிவையே எடுத்துவிட்டார்கள்.

டிஸ்கோ போயும் பாட்டு நிலைத்து நின்றதற்குக் காரணம் அதன் தொடக்கம் என்பேன். பியானோ ஒரு ஓட்டம் ஓடி நிற்கிறது, தாளம் இன்னும் வரவில்லை, பயந்துபோயிருந்தேன் என்று அந்தப் பெண் மெதுவாகத் தொடங்குகிறாள். பின்குரல் பாட யாருமே இல்லை. டிரம்ஸ் வந்து சேரும்போது கேட்பவர் ஏற்கெனவே அவள் பக்கம்தான். மனைவியோ கணவனோ விட்டுப்போனவர்கள், ஓரினக் காதலர்கள், நோயிலிருந்து மீண்டவர்கள் என்று ஆளாளுக்கு இதைத் தன் பாட்டாக எடுத்துக்கொண்டார்கள். 1998 கால்பந்து உலகக் கோப்பையை பிரான்ஸ் வென்றபோது, ஒரு டச்சுக் குழு பாடிய வடிவத்தின் ‘லா லா லா’வை நாடே தெருவில் நின்று பாடியது. கிளௌட் பாடியதையும் ஒருமுறை தேடிக் கேளுங்கள், நல்ல துள்ளலான பாட்டு.