கடிதம் வராத மூன்றரை வருஷம்: வாசகர் கேள்வி – பதில்

போரில் சிதறிய குடும்பங்களைப் பற்றிய சரித்திர நாவல்களில் உங்களுக்குப் பிடித்தது எது, உறுத்துவது எது என்று சென்ற இதழில் கேட்டிருந்தோம். வந்த கடிதங்களில் இரண்டாம் உலகப் போர்க்கால மலாயா, பர்மா பற்றியவற்றை மட்டும் இந்த இதழுக்கு எடுத்துக்கொண்டோம்.

வாசகி, காரைக்குடி: கணவன் பினாங்கில், மனைவி ஊரில். கடைசிக் கடிதம் 1941இல், அடுத்தது 1945 முடிவில். நான் படித்த நாலு நாவலிலும் இதே கதைதான். நடுவில் ஒரு கார்டுகூடவா வந்திருக்காது? கண்ணீருக்காக இழுக்கிறார்கள் என்றே நினைக்கிறேன்.

இழுக்கவில்லை. 1941 டிசம்பர் 8, திங்கட்கிழமை, ஜப்பான் படை கோத்தபாருவில் இறங்கியது. 11ஆம் தேதி பினாங்கில் குண்டு விழுந்தது. ஜனவரி 11இல் கோலாலம்பூர் போயிற்று, பிப்ரவரி 15இல் சிங்கப்பூர். அதற்குப் பிறகு மலாயா எதிரியின் பிடியில் இருந்த நாடு. இந்தியாவுக்கும் அதற்கும் நடுவே சாதாரணத் தபால் கிடையாது. 1945 செப்டம்பரில் பிரிட்டிஷார் திரும்பி வந்த பிறகுதான் நிலைமை மாறியது.

அந்த நாவல்களில் குறை சொல்லவேண்டிய இடம் வேறு. கடிதத்தோடு மணியார்டரும் நின்றது. இதைப் பல ஆசிரியர்கள் மறந்துவிடுகிறார்கள். மனைவி தபால்காரனுக்காகத் திண்ணையில் காத்திருக்கிறாள். உள்ளே அடுப்பு மட்டும் மூன்றரை வருஷம் வழக்கம்போல் எரிகிறது! எந்த நகை முதலில் அடகுக்குப் போனது, எந்தப் பிள்ளையின் படிப்பு நின்றது, மாமனார் வீட்டில் அவள் கை ஓங்கியதா தாழ்ந்ததா என்பதில் அல்லவா கதை இருக்கிறது. அதே 1942இல் பர்மா அரிசி வரத்தும் நின்றுபோய் சென்னை மாகாணத்தில் விலை ஏறியது. பணத்தையும் அரிசியையும் நிறுத்தியது ஒரே போர் என்பதை இரண்டு பத்தியில் காட்டிவிட்டால், கண்ணீருக்குத் தனி அத்தியாயம் தேவைப்படாது.

வாசகர், ஈப்போ: 1940இல் கங்காணி ஊருக்கு வந்து ஆள் கட்டிக் கப்பலேற்றுவதாக ஒரு நாவல் தொடங்குகிறது. சரியா?

தவறு. தோட்ட வேலைக்கு உதவித்தொகை கொடுத்து மலாயாவுக்கு ஆள் அனுப்புவதை இந்திய அரசு 1938 ஜூனில் நிறுத்திவிட்டது. 1940இல் ஒருவர் போகலாம், ஆனால் கைக்காசில் டிக்கெட் எடுத்து. அந்த நாவலின் முதல் அத்தியாயத்தை மூன்று வருஷம் பின்னுக்குத் தள்ளினால் போதும். அப்போது கதையில் வரும் மகனுக்கும் மூன்று வயது கூடும், அதையும் திருத்தவேண்டும். பெரும்பாலும் இந்த இரண்டாவது திருத்தம்தான் விட்டுப்போகும்.

கப்பலையும் பாருங்கள். நாகப்பட்டினத்திலிருந்து ஏறுகிறவருக்கு ‘ரஜூலா’ பொருந்தும். அது 1926இல் கட்டியது. ‘எம்.வி. சிதம்பரம்’ 1970களில்தான் இந்தத் தடத்துக்கு வந்தது. பாத்திரங்கள் ‘மலேசியா’ என்று பேசவும் கூடாது. அந்தப் பெயருக்கு இன்னும் இருபது வருஷத்துக்கு மேல் இருக்கிறது. 1963 செப்டம்பர் 16.

வாசகர், தேவகோட்டை: எங்கள் தாத்தா குடும்பம் பர்மாவிலிருந்து நடந்தே வந்தது. அதை நாவலாக எழுதிக்கொண்டிருக்கிறேன். எத்தனை நாள், எவ்வளவு தூரம், என்ன சாப்பிட்டார்கள் என்பதை எப்படிக் கணக்கிடுவது?

முதலில் எந்தப் பர்மா என்று உறுதி செய்துகொள்ளுங்கள். 1942இல் நடந்து வந்தவர்கள் வேறு, நே வின் ஆட்சி 1964இல் கடைகளை அரசுடைமையாக்கிய பிறகு கப்பலில் வந்தவர்கள் வேறு. பர்மா பஜாரும் பர்மா காலனிகளும் இரண்டாவது அலையைச் சேர்ந்தவை. வீட்டில் சொல்லும் கதையில் இரண்டும் கலந்துவிடும். 50, 100 சாட் நோட்டுகள் செல்லாமல் போனதைப் பற்றி யாராவது சொன்னால் அது 1964.

1942தான் என்றால், கிளம்பிய தேதியையும் வழியையும் பிடியுங்கள். ரங்கூனில் முதல் குண்டு 1941 டிசம்பர் 23. அப்போதே பயந்து வடக்கே புரோம் பக்கம் நடந்த கூலித்தொழிலாளர் பலரைப் பேசித் திருப்பி அனுப்பினார்கள். இதை எழுதினால் உங்கள் கதையில் ஒரே குடும்பம் இரண்டு முறை வீட்டைப் பூட்டும். ரங்கூன் விழுந்தது 1942 மார்ச் 8. தெற்கே இருந்தவர்களுக்கு புரோமிலிருந்து தாங்குப் கணவாய் வழியாக அக்யாப், அங்கிருந்து சிட்டகாங். மத்திய பர்மாவில் இருந்தவர்களுக்கு காலேவா, தாமு, இம்பால், திமாப்பூர். வடக்கில் மாட்டிக்கொண்டவர்களுக்கு ஹுகாவங் பள்ளத்தாக்கு வழியாக அஸ்ஸாமின் லேடோ. மூன்றில் கொடியது கடைசி. மே கடைசியில் மழை பிடித்த பிறகு அதில் இறங்கியவர்கள் சேற்றிலும் பெருகிய ஆறுகளிலும் சிக்கினார்கள். தாத்தா ஏப்ரலில் தாமுவைத் தாண்டினாரா, ஜூனில் ஹுகாவங்கில் இருந்தாரா என்பதைப் பொறுத்து வீட்டில் எத்தனை பேர் உயிரோடு வந்தார்கள் என்பதே மாறும்.

இனி கணக்கு. தாமுவிலிருந்து இம்பால் சுமார் 110 கிலோமீட்டர், இம்பாலிலிருந்து திமாப்பூர் சுமார் 215. குழந்தையும் கிழவியும் உள்ள குடும்பம் மலைப்பாதையில் நாளைக்கு 10 முதல் 12 கிலோமீட்டர் நடந்தால் அதிகம். லாரி கிடைக்கவில்லை என்றால் இந்தத் துண்டுக்கே ஒரு மாதம் ஆகும். இரண்டு பெரியவர், மூன்று பிள்ளைகளுக்கு நாளைக்கு ஒன்றே முக்கால் கிலோ அரிசி என்று வையுங்கள். 28 நாளுக்கு 49 கிலோ. பர்மா எடையான வீசையில் 30. (பர்மா வீசை நம் வீசையைவிடப் பெரிது, சுமார் 1.63 கிலோ. பாத்திரம் எங்கே நின்று வீசைக் கணக்குச் சொல்கிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.) பிள்ளையையும் சுமந்துகொண்டு இந்த எடையை யாரும் தூக்க முடியாது. ஆகவே வழியில் முகாம் வந்தே தீரவேண்டும். மணிப்பூர், அஸ்ஸாம் வழிகளில் தேயிலைத் தோட்டக்காரர்களின் சங்கம் ஆட்களை அனுப்பி அப்படிப்பட்ட முகாம்களை நடத்தியது. முகாம் இருக்கும் இடத்தில் சோறு இருக்கும், காலராவும் இருக்கும். கூட்டம் ஒரே ஓடையில் தண்ணீர் எடுப்பதால்.

சாமான்கள் எந்த வரிசையில் விழும் என்று ஒரு பட்டியல் போட்டுக்கொள்ளுங்கள். பித்தளை அண்டாவும் தையல் மெஷினும் முதல் ஏற்றத்திலேயே போகும். உப்பும் தீப்பெட்டியும் கடைசிவரை இருக்கும். நிலப் பத்திரம், அடகுச் சீட்டு போன்ற காகிதங்கள் இடுப்பிலேயே இருக்கும், நனைந்து கூழாகும்வரை. தீப்பெட்டி நனைந்த அன்று தண்ணீர் காய்ச்ச வழியில்லை. அடுத்த அத்தியாயத்தில் யாருக்கு வயிற்றுப்போக்கு என்பது அங்கே முடிவாகிவிடுகிறது.

இந்த வெளியேற்றத்தில் நான்கு, ஐந்து லட்சம் இந்தியர்கள் கிளம்பினார்கள் என்பது பொதுவான மதிப்பீடு. இறந்தவர் எண்ணிக்கையில் மதிப்பீடுகள் பத்தாயிரத்திலிருந்து ஐம்பதாயிரத்துக்கு மேல்வரை வேறுபடுகின்றன. நாவலில் எண்ணைச் சொல்லாதீர்கள். நடந்துபோகிறவனுக்கு அது தெரியாது.

வாசகி, சிங்கப்பூர்: ஜப்பான்காரன் காலக் கதைகளில் நேரம் குழப்புகிறது. காலை ஏழரைக்கு இருட்டு என்று ஒரு வரி. அச்சுப்பிழையா?

இல்லை, அந்த ஆசிரியர் கெட்டிக்காரர். சிங்கப்பூர் விழுந்ததுமே கடிகாரத்தைத் தோக்கியோ நேரத்துக்கு மாற்றினார்கள், ஒன்றரை மணி முன்னால். அதனால் ஆறரைக்கு வந்த விடியல் எட்டுக்கு வந்தது. வருஷமும் மாறியது, ஜப்பானியக் கணக்கில் 1942 என்பது 2602. வீட்டுப் பஞ்சாங்கத்தில் சித்திரபானு. ஒரே சுவரில் மூன்று கணக்கு தொங்கும் காட்சியை இன்னும் யாரும் சரியாகப் பயன்படுத்தியதாகத் தெரியவில்லை.

வாசகர், சுங்கை சிப்புட்: சயாம் ரயில் பற்றிய நாவல்கள் அடி, உதை, சாவு என்று ஒரே மாதிரி போகின்றன. படித்து மரத்துப்போய்விட்டது.

மரத்துப்போவதற்குக் காரணம் கொடுமை அதிகமானதல்ல, சாவுகள் எல்லாம் ஒரே மாதிரி எழுதப்படுவது. சயாமில் (இன்றைய தாய்லாந்து) பான் போங் பக்கத்திலிருந்து பர்மாவின் தான்பியூசயாட்வரை, கைதிகளையும் கூலிகளையும் கொண்டு ஜப்பானியர் போட்ட 415 கிலோமீட்டர் பாதை. 1943 அக்டோபர் 17இல் இரு முனையும் சேர்ந்தன. வெள்ளைக்காரப் போர்க்கைதிகளில் 12,000 பேருக்கு மேல் செத்தார்கள். ஆசியத் தொழிலாளர் சாவு 90,000 வாக்கில் என்று மதிப்பிடுகிறார்கள், அதில் மலாயாத் தோட்டத் தமிழர் ஏராளம். கைதிகளுக்குப் படை மருத்துவர்களும் ஒரு கட்டுப்பாடும் இருந்தன. கூலிகளுக்குப் பெரும்பாலும் இரண்டும் இல்லை. வித்தியாசம் அங்கே தொடங்குகிறது.

காலரா ஒரு நாளில், சில சமயம் சில மணி நேரத்தில் முடித்துவிடும். உடலில் நீர் வற்றி, கண் குழிந்து, குரல் கம்மிப்போகும். காலராவில் சாகிறவன் ஒன்றரைப் பக்கம் மகளுக்குச் செய்தி சொல்லும் காட்சியை அடித்துவிடலாம். தீட்டிய அரிசியையே தின்று வரும் பெரிபெரியில் கால் வீங்கும். அழுத்தினால் குழி விழும். அது வாரக்கணக்கில் இழுக்கும். பேச அவகாசம் உள்ள நோய் அதுதான். முழங்காலுக்குக் கீழே மூங்கில் கீறி வந்த புண் எலும்புவரை தின்னும். மூன்று நோய்க்கும் மூன்று வேகம் என்று வைத்தால் அத்தியாயங்களுக்கே வேறுவேறு நடை வந்துவிடும்.

தோட்டத்தில் மிஞ்சியவர்களின் கதையும் பாதி நாவல்களில் காணோம். ரப்பருக்குச் சந்தை போய்விட்டது, பால்வெட்டும் படுத்தது. லயத்தை, அதாவது தொழிலாளர் வீட்டு வரிசையைச் சுற்றி மரவள்ளி நட்டுத்தான் பெண்கள் பிள்ளைகளைக் காப்பாற்றினார்கள். துணிக்குப் பதில் சாக்கு. ஆண்களைக் கொண்டுபோன லாரி மறைந்ததும் நாவலும் அதன் பின்னாலேயே சயாமுக்குப் போய்விடுகிறது. சிறிது நேரம் தோட்டத்தில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்திலேயே நின்று பார்க்கலாம்.

வாசகர், மதுரை: நேதாஜி படையில் சேர்ந்தவர்கள் எல்லாரும் வீரத்தால் சேர்ந்தார்களா?

வீரத்தாலும் சேர்ந்தார்கள். ரயிலுக்குப் பிடித்துப்போவதிலிருந்து தப்பவும் சேர்ந்தார்கள். ஒரே ஆளுக்கு இரண்டு காரணமும் இருக்கலாம். ஒன்றை மட்டும் எழுதுகிற நாவல் மேடைப்பேச்சாகவோ வசையாகவோ முடிகிறது. தேதியை மட்டும் கவனியுங்கள்: போஸ் சிங்கப்பூருக்கு வந்தது 1943 ஜூலை 2. அதற்கு முன் உங்கள் பாத்திரம் அவர் பேச்சைக் கேட்டு அங்கே அழ முடியாது.

வாசகி, கும்பகோணம்: கணவன் செத்துவிட்டான் என்று 1944இல் கோர்ட்டே சொல்லி, மனைவிக்கு மறுமணம் ஆகி, பிறகு அவன் வந்து நிற்கிறான். நம்பலாமா?

கோர்ட் பகுதியை நம்பவேண்டாம். 1872ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 108ஆம் பிரிவுப்படி ஏழு வருஷம் தகவல் இல்லாதிருந்தால்தான் இறந்ததாகக் கொள்ள இடம் இருந்தது. கடைசிக் கடிதம் 1941 நவம்பர் என்றால், 1948 நவம்பர்வரை பொறுக்கவேண்டும். ஆனால் ஊர் கோர்ட்டுக்குக் காத்திருக்காது. அறுத்துக்கட்டும் (மறுமணம் செய்யும்) வழக்கம் உள்ள சாதிகளில் பெரியவர்கள் கூடிப் பேசி முடித்திருக்கலாம். அந்த வழக்கம் இல்லாத வீட்டில் அவள் தாலியோடு ‘அவர் இருக்கிறாரா இல்லையா’ என்ற நிலையிலேயே இருந்திருப்பாள். ஆசிரியர் முதலில் அவளுடைய வீடு எது என்று தீர்மானிக்கட்டும்.

எதிர்ப்பக்கமும் உண்டு. அவன் மலாயாவில் இன்னொருத்தியோடு குடித்தனம் வைத்துத் திரும்பினால், 1946இல் சென்னை மாகாணத்தில் இந்து ஆணுக்கு அது குற்றமே இல்லை. இருதாரத் தடைச் சட்டம் இங்கே 1949இல்தான் வந்தது. ‘ஜெயிலுக்குப் போவாய்’ என்று மைத்துனன் மிரட்டும் வசனம் மூன்று வருஷம் முந்திவிட்டது.

வாசகர், கோவை: ஒரே ஒரு நாவல் சொல்லுங்கள்.

ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’. 1972இல் வந்தது. மெடானில் தொடங்குகிறது, முதல் ஐம்பது பக்கம் பெயர்களும் தெருக்களும் மூச்சு முட்டும், பொறுத்துக்கொண்டு தாண்டுங்கள். ஒரு தென்கிழக்காசிய வரைபடத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டால் நல்லது.