பொடியை எங்க எடை போடறாங்க?

கே: எம்.எஸ்சி. கெமிஸ்ட்ரி ஃபைனல் இயர். நானோ டெக்னாலஜில பி.எச்டி. பண்ணணும்னு ஆசை, ஆனா கண்ணுக்கே தெரியாத துகள் நுரையீரலுக்குள்ள போயிடும்னு யாரோ சொன்னதுலருந்து அம்மா வேண்டவே வேண்டாங்கிறாங்க. நெஜமாவே அவ்ளோ ஆபத்தா? எங்க பண்ணா சேஃப்?
– பெயர் வேண்டாம், திருச்சி

ப: அம்மா பயத்துல பாதி நியாயம் இருக்கு. 2008-ல நீளமான கார்பன் நானோ டியூபை (கண்ணுக்குத் தெரியாத கார்பன் குழாய்) எலி வயித்துக்குள்ள செலுத்திப் பாத்தாங்க, ஆஸ்பெஸ்டாஸ் நார் உடம்புக்குள்ள போய் உள்சவ்வை அழற்சியாக்குமே, அதே வேலையை இதுவும் பண்ணுச்சு. மீதி பாதிக்கு பதில் கீழடில இருக்கு. அங்க கெடச்ச பானை ஓட்டோட கருப்புப் பூச்சுல கார்பன் நானோ டியூப் இருக்குன்னு 2020-ல வேலூர் வி.ஐ.டி. ஆளுங்க கண்டுபிடிச்சாங்க, ஓட்டோட ஓடா ஒட்டிக்கிட்டு அத்தனை நூற்றாண்டு சும்மா கெடந்திருக்கு. ஒட்டிக்கிட்டு கெடந்தா பிரச்சினை இல்லீங்க, காஞ்ச பொடியா காத்துல பறந்தாதான் வம்பு.

ஒரு காலேஜ் லேபுக்குப் போயிருந்தேன் (அதுக்கும் பெயர் வேண்டாம்), தலைக்கு மேல ஃபேன் சுத்துது, கீழ ஒரு பையன் பட்டர் பேப்பர்ல நானோ பொடி எடை போடறான், ஸ்பேச்சுலால அள்ளும்போதே ஸ்டாட்டிக்ல துள்ளி கிளவுஸ்ல ஒட்டுது, மூஞ்சில வெறும் சர்ஜிக்கல் மாஸ்க், முடிச்சதும் அதைக் கழட்டிட்டு மேஜைய உஃப்னு ஊதி வேற விட்டான்!

அதனால சேர்றதுக்கு முன்னாடி நேர்ல போய் 'பொடியை எங்க எடை போடறீங்க'ன்னு கேளுங்க. குளோவ் பாக்ஸ் (கையுறை வழியா மட்டும் கைய விடற மூடின பெட்டி), இல்லன்னா நுண்தூசியப் பிடிக்கிற ஹெபா ஃபில்டர் வச்ச கேபினெட்டுன்னா ஓகே. சிந்தினா ஈரத்துணிதான், துடைப்பம் எடுத்தா ஓடி வந்துடுங்க. 'எங்ககிட்ட கிளீன் ரூமே (தூசிய வடிகட்டின அறை) இருக்கு'ன்னு பெருமையா சொல்லுவாங்க, அசந்துடாதீங்க. அது உங்க தூசிலருந்து சிப்பைக் காப்பாத்தக் கட்டினது, உங்களைக் காப்பாத்த இல்ல.

சிப், சென்சார் பக்கம்னா பெங்களூர் ஐ.ஐ.எஸ்சி. நல்ல இடம், அங்க பெரும்பாலும் பொடிய விட, சிப்பை அரிக்க பயன்படுத்தற ஹைட்ரோஃப்ளோரிக் ஆசிட்டுக்குத்தான் பயப்படணும். தண்ணி சுத்திகரிப்புன்னா சென்னை ஐ.ஐ.டி., நானோ வெள்ளிய வச்சு பூச்சிமருந்தைத் தண்ணிலருந்து பிரிச்சவங்க. இந்த ஆபத்தையே ஆராயணும்னா லக்னோல சி.எஸ்.ஐ.ஆரோட டாக்ஸிகாலஜி (நச்சியல்) இன்ஸ்டிடியூட் இருக்கு, கெமிஸ்ட்ரி படிச்சவங்களுக்கு என் ஓட்டு அதுக்குத்தான்.

லேப் பாக்கப் போறப்போ அம்மாவையும் கூட்டிட்டுப் போங்க. ஃபேன் சுத்துதான்னு அவங்களே பாத்துடுவாங்க.