கப்பி மீன் வளர்ப்பு: வாசகர் கேள்விகளுக்குப் பதில்

மீன்கள் ஒவ்வொன்றாகச் சாகின்றன. நல்ல மருந்தாகச் சொல்லவும். (ஊர் எழுதவில்லை)

தொட்டி எத்தனை லீற்றர், எத்தனை மீன், கடைசியாக எப்போது தண்ணீர் மாற்றினீர்கள்? ஒன்றையும் எழுதாமல் மருந்து கேட்டால் நான் என்ன சொல்ல முடியும்? இந்த மூன்றையும் எழுதி அனுப்புங்கள். அதுவரை தீனியைப் பாதியாக்குங்கள். தினமும் கால் பங்கு தண்ணீரை மட்டும் மாற்றுங்கள். குழாய்த் தண்ணீரானால் ஒரு நாள் வாளியில் வைத்து ஊற்றுங்கள்.

ஆண் மீன் செத்து இரண்டு மாதம். பெண் கப்பி குட்டி போட்டிருக்கிறது! (மல்லாவி)

பெண் கப்பி விந்தை மாதக்கணக்கில் உடலில் சேமித்து வைக்கும். இன்னும் சில ஈற்று வரலாம்.

ஞாயிறுதோறும் தொட்டியை முழுதாக இறைத்து, கல், வடிகட்டி எல்லாவற்றையும் சவர்க்காரம் போட்டுக் கழுவுகிறேன். ஆனாலும் மீன் சாகிறது. (கிளிநொச்சி)

அதனால்தான் சாகிறது. மீன் கழிவில் வரும் அமோனியாவை நைத்திரேற்றாக மாற்றும் பற்றீரியாக்கள் அந்தக் கல்லிலும் வடிப் பஞ்சிலும்தான் வாழ்கின்றன. நீங்கள் வாராவாரம் அவற்றைக் கொன்றுவிடுகிறீர்கள். பஞ்சைத் தொட்டித் தண்ணீரிலேயே அலசுங்கள். சவர்க்காரம் கிட்டவும் வரக்கூடாது. மறுபடியும் சொல்கிறேன்: கால் பங்கு தண்ணீர் மட்டும்.

நியோன் டெட்ரா வாங்கினேன், பத்தும் போய்விட்டன. (வவுனியா)

அது அமேசன் படுகையின் மென்னீர் மீன். கேத்தலில் வெள்ளைப் படிவு பிடிக்கும் உங்கள் கிணற்று நீர் அதற்கு ஒத்துவராது. கப்பிக்கு அந்த வன்னீர்தான் விருப்பம்.

கப்பி பெருகிவிட்டது. குளத்தில் விட்டால் நுளம்பும் குறையும்தானே? (மாங்குளம்)

விடாதீர்கள். இந்தத் தடவை மூன்று கடிதங்களில் இதே கேள்வி.

கப்பி நம் மண்ணின் மீன் அன்று. திரினிடாட், வெனிசுவேலா பக்கத்து மீன். 1866 இல் திரினிடாட்டிலிருந்து மாதிரிகளை லண்டனுக்கு அனுப்பியவரின் பெயர்தான் கப்பி. சினையான ஒரே ஒரு பெண் மீன் போதும், ஒரு குளத்தையே நிறைத்துவிடும். விந்தைச் சேமிக்கும் என்று மேலே எழுதினேன் அல்லவா? வன்னியில் எந்தக் குளமும் தனிக்குளம் அன்று. மாரியில் உங்கள் ஊர்க் குளம் வான் பாய்ந்தால் தண்ணீர் வயல் வழியே அடுத்த குளத்துக்கு இறங்கும். கனகராயன் ஆற்றில் விழுந்தால் இரணைமடுக் குளம். அங்கே வான்கதவு திறந்தால் சுண்டிக்குளம் கடல்நீரேரி வரை. உவர்நீரையும் இந்த மீன் தாங்கும்.

குளக்கரை ஓரத்தில், தலையில் வெள்ளிப் பொட்டு மின்ன நிற்கும் சிறு மீனைப் பார்த்திருப்பீர்கள். நாம் கேட்காமலே காலங்காலமாக நுளம்புக் குடம்பியைத் தின்று வருவது அதுதான். அதன் இரையைப் பறிக்கவும் குஞ்சைத் தின்னவும் ஒரு வெளிமீனை நாமே கொண்டுபோய் விடுவதா? வாய்க்காலில் கப்பியின் வண்ண வாலைக் காணும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது. நுளம்புக்கு வேண்டுமானால் வெள்ளம் ஏறாத சீமெந்துத் தொட்டியில் நாலைந்து விடுங்கள். மிஞ்சியதை அயல் பிள்ளைகளுக்கோ கடைக்காரருக்கோ கொடுங்கள். ஆணையும் பெண்ணையும் பிரித்து வையுங்கள். குளத்தில் மட்டும் வேண்டாம்.

உடம்பெல்லாம் உப்புத் தூவியதுபோல் வெள்ளைப் புள்ளி. (பரந்தன், மாணவர்)

நன்றாகக் கவனித்து எழுதியிருக்கிறீர்கள், தம்பி. இது ஒட்டுண்ணி. ஐந்து லீற்றருக்கு ஒரு தேக்கரண்டி உப்பைக் கரைத்துச் சிறிது சிறிதாகச் சேருங்கள். புள்ளி மறைந்தாலும் ஒரு வாரம் தொடருங்கள். மீனிலிருந்து உதிர்ந்தவை தொட்டியின் அடியில் பெருகிக்கொண்டிருக்கும்.

மத்தியானத்தில் மீன்கள் மேலே வந்து வாயைப் பிளக்கின்றன. (புதுக்குடியிருப்பு)

தகரக் கூரைக்குக் கீழே தொட்டி வைத்திருக்கிறீர்களா? சூடேறிய தண்ணீரில் ஒட்சிசன் குறையும். 32 பாகைக்கு மேல் போனால் கப்பியும் திணறும். தொட்டியை நிழல் விழும் சுவரோரம் மாற்றி, காற்றுக் குழாயைப் போடுங்கள். ஐஸ் கட்டி போடாதீர்கள். ஒரு நாள் வைத்த தண்ணீரில் கால் பங்கு மாற்றினால் போதும்.