பிறந்த குழந்தைக்கு மருந்தால் வந்த எதிர்விளைவை எந்தக் குறியீட்டில் பதிவது?

கேள்வி கேட்டவர் தேவகோட்டையில் மருந்தியல் பட்டம் முடித்துவிட்டு மெடிக்கல் கோடிங், அதாவது கோப்பில் உள்ள நோய்களையும் சிகிச்சைகளையும் குறியீட்டு எண்களாகப் பதியும் வேலைக்கான பயிற்சியில் சேர்ந்திருப்பவர். பிறந்து சில நாட்களே ஆன குழந்தைக்கு மருந்து ஒத்துக்கொள்ளாமல் போனால், அதை பி93 (P93) என்று பதிவதா, டி36 (T36) முதல் டி50 (T50) வரையுள்ள வரிசையில் பதிவதா, பி04 (P04) என்று பதிவதா என்பது அவருடைய ஐயம். நம் ஊர் மருத்துவமனைக் கோப்புக்கும் அமெரிக்கக் கோப்புக்கும் ஒரே விடைதானா என்றும் கேட்டிருக்கிறார். காரைக்குடியில் வீட்டிலிருந்தபடியே அமெரிக்க மருத்துவமனைக் கோப்புகளைத் தணிக்கை செய்கிறவன் என்ற முறையில் விடை எழுதுகிறேன்.

குறியீட்டுப் புத்தகத்தைத் திறப்பதற்கு முன், அந்த மருந்து எந்த வழியாகக் குழந்தையின் உடலுக்குள் போனது என்பதைக் கோப்பில் தேடுங்கள். தாயின் உடல் வழியாகவோ தாய்ப்பால் வழியாகவோ போயிருக்கலாம். குழந்தைக்கே நேராகக் கொடுக்கப்பட்டிருக்கலாம். கொடுத்துவந்ததை நிறுத்தியதால் தொல்லை வந்திருக்கலாம். இவற்றுள் எது என்று தெரிந்துவிட்டால் எந்தப் பக்கத்தைப் புரட்ட வேண்டும் என்பதும் தெரிந்துவிடும். மருந்தின் பெயரிலிருந்து தொடங்குகிறவர்கள்தான் தடுமாறுகிறார்கள். மருந்தியல் படித்தவர்களுக்கு அந்தப் பழக்கம் சற்று அதிகம்.

நேராகக் கொடுக்கப்பட்ட மருந்து என்றால் பி93. நோய்களுக்கு எண் தரும் பன்னாட்டு வகைப்பாடான ஐசிடியின் பழைய ஐசிடி-9 பதிப்பில் இது 779.4 என்ற ஒரே எண்ணாக இருந்தது. அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்த ஐசிடி-10-சிஎம் பதிப்பில் இது இரண்டாகப் பிரிந்தது. குளோராம்பெனிகால் என்ற நுண்ணுயிர்க்கொல்லி மருந்தால் வரும் சாம்பல் நிறக் குழந்தை நோய்க்குறித் தொகுப்புக்கு பி93.0, மற்ற எல்லா மருந்துகளின் எதிர்விளைவுக்கும் பி93.8. ஒரே ஒரு மருந்துக்குத் தனி எண் ஒதுக்கியதற்கு வரலாறு உண்டு. பிறந்த குழந்தையின் கல்லீரலில், இந்த மருந்தைக் குளுக்குரோனிக் அமிலத்தோடு இணைத்து வெளியேற்றும் நொதி போதுமான அளவு முதிர்ந்திருப்பதில்லை. சிறுநீரகமும் அதை விரைவாக வெளியேற்றும் நிலையில் இருப்பதில்லை. அதனால் மருந்து இரத்தத்தில் தேங்கி, வாந்தி, வயிற்று உப்பல், உடல் குளிர்தல், இரத்த அழுத்தம் வீழ்தல் என்று போய், தோல் சாம்பல் நிறமாகிக் குழந்தை உயிரிழக்கவும் நேரும். 1959ஆம் ஆண்டிலேயே இது மருத்துவ இதழ்களில் விளக்கப்பட்டுவிட்டது. இன்று கோப்புகளில் பி93.0 அரிதாகவே கண்ணில் படுகிறது.

பி93 மட்டும் போட்டால் எந்த மருந்து என்பது தெரியாது. அதற்காகத்தான், சரியான அளவில் முறையாகக் கொடுத்தும் எதிர்விளைவு வந்திருந்தால், டி36–டி50 வரிசையில் ஐந்தாம் அல்லது ஆறாம் இடத்தில் 5 வரும் எண்ணைக் கூடுதலாகச் சேர்க்கும்படி அந்தத் தலைப்பின் கீழேயே குறிப்பு இருக்கிறது. குளோராம்பெனிகால் என்றால் பி93.0 முதலிலும் டி36.2எக்ஸ்5ஏ இரண்டாவதாகவும் வர வேண்டும். தணிக்கையில் நான் அதிகம் திருத்துவது, டி வரிசை எண்ணை மட்டும் போட்டுவிட்டு பி93-ஐ விட்டுவிடுவதைத்தான். கடைசியில் உள்ள ஏ என்ற எழுத்தை முதல் வருகை என்று பொருள்கொண்டு, இரண்டாவது மருத்துவமனைக்கு மாற்றப்பட்ட குழந்தைக்குத் தொடர் வருகைக்கான டி (D) என்று மாற்றிவிடுகிறவர்களும் உண்டு. எதிர்விளைவுக்குச் சிகிச்சை நடந்துகொண்டிருக்கும் வரை ஏ-தான்.

நம் நாட்டு மருத்துவமனை உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 பதிப்பைப் பின்பற்றினால், பி93 என்ற தலைப்பு அதேதான். ஆனால் மருந்தை அடையாளம் காட்டுவது ஒய்40–ஒய்59 வரிசை. அங்கே குளோராம்பெனிகாலுக்கு ஒய்40.2. அமெரிக்கப் பயிற்சி மட்டும் பெற்றவர் உள்ளூர் மருத்துவமனையின் பதிவேட்டுப் பிரிவில் வேலைக்குச் சேரும்போது இடறும் இடம் இதுவே.

தாயின் வழியாக வந்ததற்கு பி04. பிரசவ வலிக்குத் தாய்க்கு பெத்திடின் ஊசி போட்டு, குழந்தை மூச்சு மந்தமாகப் பிறந்தால் பி04.0, தாய் வலிப்புக்காகச் சாப்பிட்டுவந்த மருந்தின் பாதிப்பு என்றால் அமெரிக்கப் பதிப்பில் பி04.13. இவை குழந்தையின் கோப்பில் மட்டுமே வர வேண்டும். தாயின் கோப்பில் பி வரிசை எண் ஒருபோதும் வரக்கூடாது. போதைப் பழக்கமுள்ள தாயின் குழந்தைக்கு, அந்தப் பொருள் கிடைக்காமல் போவதால் வரும் விலகல் அறிகுறிகளுக்கு பி96.1, தீவிர சிகிச்சைப் பிரிவில் குழந்தைக்கே ஃபென்டனில் என்ற வலிநிவாரணி கொடுத்து, பிறகு குறைக்கும்போது வரும் விலகலுக்கு பி96.2.

மஞ்சள் காமாலை மட்டும் பி93-க்குள் அடங்காது. மருந்தாலோ நச்சாலோ வந்த காமாலைக்கு பி58.4 தனியாக இருக்கிறது. அமெரிக்கப் பதிப்பில் தாயிடமிருந்து வந்தது பி58.41, குழந்தைக்குக் கொடுத்தது பி58.42.

அளவு மாறிப்போனால் அது எதிர்விளைவு ஆகாது, நச்சுத்தன்மை ஆகும். பாராசிட்டமால் சொட்டு மருந்தில் ஒரு மில்லியில் 100 மில்லிகிராம் இருக்கிறது. 5 மில்லிக்கு 125 மில்லிகிராம் உள்ள சிரப்பில் ஒரு மில்லிக்கு 25தான். சிரப்புக்குச் சொன்ன அளவில் சொட்டு மருந்தை ஊற்றினால் நான்கு மடங்கு உள்ளே போய்விடும். அப்போது டி39.1எக்ஸ்1ஏ முதலில் வரும், அறிகுறிகள் பின்னால் வரும்.

நம் பக்கத்துக் கோப்புகளில் இன்னொரு சிக்கல் உண்டு. செட்டிநாட்டு வீடுகளில் குழந்தையைக் குளிப்பாட்டியதும் வசம்பு, ஜாதிக்காய், மாசிக்காய், கடுக்காய் எல்லாம் கல்லில் இழைத்து உரைமருந்து புகட்டுவது இன்றும் நடக்கிறது. மருத்துவர் “மருந்து ஏதும் கொடுத்தீர்களா?” என்று கேட்டால், ஆயாவும் அப்பத்தாவும் இல்லை என்றுதான் சொல்வார்கள், அவர்கள் கணக்கில் அது அன்றாடம் நடக்கிற காரியம். உரைமருந்து, கிரைப் வாட்டர், வேப்பெண்ணெய் என்று ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லிக் கேட்டால்தான் விவரம் வெளிவரும். வேப்பெண்ணெய் புகட்டப்பட்ட குழந்தைகளுக்கு வாந்தி, மயக்கம், வலிப்பு வந்தது மருத்துவ இதழ்களில் பதிவாகியிருக்கிறது. பெட்டகத்தில் அந்துருண்டை போட்டு வைத்த பழைய நூல் சேலையில் சுற்றிய குழந்தைக்கு ஜி6பிடி என்ற நொதியின் குறைபாடு இருந்தால், இரத்தச் சிவப்பணுக்கள் சிதைந்து காமாலை கடுமையாகும். ஆனாலும் செவிலியர் குறிப்பில் “உரைமருந்து கொடுத்தார்கள்” என்று ஒரு வரி இருக்கிறது என்பதற்காக, கோடர் தானாக பி93.8 போட்டுவிட முடியாது. அதுதான் காரணம் என்று மருத்துவர் எழுத வேண்டும்; எழுதவில்லையென்றால் அவருக்கு வினாக் குறிப்பு அனுப்ப வேண்டும்.

உள்நோயாளியாக இருந்த குழந்தையின் டிஸ்சார்ஜ் சுருக்கத்தில் “இருக்கக்கூடும்” என்று மருத்துவர் முடித்திருந்தால், அமெரிக்க விதிப்படி அதை உறுதியானதாகவே பதியலாம். புறநோயாளிக்கு அந்தச் சலுகை கிடையாது. சந்தேகப்பட்டுக் கண்காணித்து, இல்லை என்று முடிவானால் இசட்05 வரிசைக்குப் போங்கள்.

குறியீடு போட்டதோடு மருந்து எதிர்விளைவு அரசுக்குத் தெரிவிக்கப்பட்டதாக ஆகாது. இந்திய மருந்துக் கண்காணிப்புத் திட்டம் 2010 முதல் நடந்துவருகிறது. காசியாபாத்தில் உள்ள இந்திய மருந்தியல் நூல் ஆணையம் அதை ஒருங்கிணைக்கிறது. அதற்கான படிவம் தனி, அதை நிரப்ப மருத்துவரோ செவிலியரோ மருந்தாளுநரோ போதும். உங்களிடம் மருந்தியல் பட்டம் இருப்பதால், உள்ளூர் மருத்துவமனையில் வேலை கிடைத்தால் அந்தப் படிவத்தை நீங்களே நிரப்பலாம்.